காலவைத்தியர் சபை

காலம் எல்லாப் புண்ணையும் ஆற்றும் என்பது நம்மவர் வழக்கு. இழவு வீட்டுக்கு வந்தவர்கள் சொல்வதற்கு வேறொன்றும் இல்லாதபோது இதனைச் சொல்லிவிட்டுச் செருப்பைத் தேடிக்கொண்டு எழுந்து போவார்கள். காலத்துக்கே புண் உண்டாகுமாயின் அதனை ஆற்றுபவர் யார் என்னும் வினா அங்கே எழுவதில்லை. அவ்வினா எழுந்தது 2010 ஆம் ஆண்டில், வலிகாமத்துக் கிராமமொன்றின் வீட்டு விறாந்தையில், ஒன்பது வயதுச் சிறுமி ஒருத்திக்கும் எட்டு வயதுச் சிறுவன் ஒருவனுக்கும் இடையில்.

சிறுவன் அவளுடைய சின்னம்மாவின் மகன். கிளிநொச்சியிலே பிறந்தவன். 2009 மே மாதத்தில் வட்டுவாகல் பாலத்தைக் கடந்து, செட்டிகுளத்து முகாமிலே பல மாதங்கள் இருந்துவிட்டு, தாய் பிறந்த வீட்டுக்குத் தாயோடு வந்து சேர்ந்தான். வீட்டுக்கு வந்தவர்கள் இருவர். பாலத்தடிக்கு வந்தபோது அவர்கள் மூவர். சனநெருக்கத்திலே தகப்பனின் கை விடுபட்டுப் போயிற்று. அதன் பின்னர் அவரைக் கண்டதாகச் சொல்பவர் எவரும் இலர். வந்த புதிதில் அவன் அதிகம் பேசுவதில்லை. பாட்டனாருடைய மேசையடியிலே குந்தியிருந்து அவர் மணிக்கூடு திருத்துவதைப் பார்த்துக்கொண்டிருப்பதே அவனுடைய வேலையாயிருந்தது.

பாட்டனார் யாழ்ப்பாண நகரத்திலே நெடுங்காலம் மணிக்கூட்டுக் கடை வைத்திருந்தவர். இடப்பெயர்வுகளோடு கடை போயிற்றாயினும் ஒற்றைக் கண்ணிலே இடுக்கும் கண்ணாடியும், ஊசி போன்ற திருப்புளிகளும், சாவாரங்கள் நிறைந்த தகரப்பேணிகளும் எஞ்சியிருந்தன. ஊரார் நின்றுபோன மணிக்கூடுகளைத் துணியிலே சுற்றிக்கொண்டு நோயாளிகளைக் கொணர்வது போலக் கொணர்வார்கள். ஒருநாள் சிறுவன் கேட்டான்: “தாத்தா, மணிக்கூட்டைத் திருத்தினா நேரமும் திருந்துமோ?” பாட்டனார் கண்ணாடியைக் கழற்றாமலே விடை சொன்னார்: “மணிக்கூடு நேரத்தைக் காட்டுறது மட்டுந்தான் மோனை. நேரம் பழுதாப்போனா அதுக்கு என்னட்டைச் சாமான் இல்லை.”

சாமான் இல்லை என்று அவர் சொன்னாரேயன்றித் திருத்தவியலாது என்று சொல்லவில்லை. வேறு யாரிடமோ அந்தச் சாமான் இருக்கவேண்டும் என்று பிள்ளைகள் இருவரும் முடிவுகட்டினர். அன்றைக்கே எண்பது பக்கக் கொப்பியொன்றின் முதற்பக்கத்திலே “காலவைத்தியர் சபை” என்று எழுதப்பட்டது. அங்கத்தவர் இருவர். சபை இருப்பதை வேறெவரும் அறியலாகாது என்பது முதல் விதி. ஒரு வேளையில் ஒரு வழக்கே எடுக்கப்படும் என்பது இரண்டாவது. ஆற்றிய புண்ணைப் பற்றிப் பின்னர் பேசலாகாது, பேசினால் அது மீண்டும் திறந்துகொள்ளும் என்பது மூன்றாவது. இம்மூன்றாம் விதியை எழுதியவன் சிறுவன். எட்டு வயதிலே அதனை எங்கே கற்றானோ?

முதலாம் வழக்கைப் பாட்டனாரே தம்மை அறியாமல் அவர்களுக்குக் கொடுத்தார். அது யாழ்ப்பாணப் பொதுசன நூலகம். செல்லப்பா என்பார் 1933 இல் தம் வீட்டிலே தொடங்கிய சிறிய வாசிகசாலை ஊரார் முயற்சியால் வளர்ந்து, 1959 இல் திறக்கப்பட்ட வெண்ணிறக் கட்டடத்துக்குக் குடிபுகுந்து, 1981 மே 31 இரவு எரியூட்டப்பட்டபோது 97,000 நூல்களையும் ஏட்டுச்சுவடிகளையும் கொண்டிருந்தது. அந்தத் தீயைத் தொலைவிலிருந்து கண்ட அதிர்ச்சியிலே தாவீது அடிகளார் உயிர்நீத்தார். பன்மொழிப் புலமை மிக்க அம்முதியவரின் மரணம் யாழ்ப்பாணத்தார் பலருக்கு நூலகத்தின் மரணத்தோடு பிரிக்கவியலாதபடி ஒட்டிக் கிடக்கிறது. பாட்டனாருக்கு அப்போது நாற்பது வயதளவில் இருக்கும். கடை பூட்டியபின் நாள்தோறும் இரவல் பகுதிக்குப் போய்வந்தவர். எரிந்த கடுதாசி காற்றிலே பறந்து கடைவாசலிலே விழுந்ததென்றும், அச்செழுத்து வாசிக்கக்கூடியதாயிருந்ததென்றும், தொட்டபோது பொடியாயிற்றென்றும் அவர் சொன்னார்.

சபை கூடியது. கிணற்றிலே தண்ணீர் அள்ளித் தீயை அணைக்கலாம் என்பது சிறுமியின் கருத்து. தீயை அணைக்கப் போனால் அதை வைத்தவர்கள் அங்கே நிற்பார்கள், ஆதலால் முன்கூட்டியே நூல்களை அகற்றிவிடுவதே புத்தி என்றான் சிறுவன். அத்தகைய இடங்களிலே நின்று வந்தவன் அவன், சிறுமி மறுத்துரைக்கவில்லை. கணக்குப் போட்டார்கள். ஒருவர் தடவைக்கு இருபது நூல்கள், இருவருமாக நாற்பது; ஆகவே 2,425 தடவைகள். தடவைக்குக் கால்மணி நேரமாயின், உண்ணாமலும் உறங்காமலும் இருபத்தாறு நாட்கள். மே 5 ஆம் திகதியே தொடங்கவேண்டும். இக்கணக்கு முழுவதும் கொப்பியின் நாலாம் பக்கத்திலே பென்சிலால் செய்யப்பட்டிருக்கிறது. வகுத்தலிலே ஓரிடத்தில் அழித்தெழுதிய அடையாளம் உண்டாயினும் விடை சரியானதே.

ஓகஸ்ட் விடுமுறையிலே பாட்டனார் இருவரையும் பேருந்திலே ஏற்றி நகரத்துக்குக் கூட்டிப்போனார். இந்நூற்றாண்டின் தொடக்கத்திலே புதுப்பிக்கப்பட்டு மீளத் திறக்கப்பட்ட நூலகம், முன்றிலிலே கலைமகள் சிலையோடு, சுண்ணாம்பு வெண்மையாய் நின்றது. உள்ளே இறாக்கைகள் நிறைய நூல்கள். சிறுவன் அக்காவின் சட்டையைப் பிடித்திழுத்து, “பாத்தியே அக்கா, நாங்கள் எடுத்துவைச்சதெல்லாம் அப்பிடியே இருக்குது” என்று காதோடு சொன்னான். அவளும் நம்பினாள். எரிந்தது என்று பாட்டனார் சொன்னது பழைய காலத்துச் செய்தி. தாங்கள் ஆற்றிவிட்ட காலத்திலே அது எரியவேயில்லை. பாட்டனார் மட்டும் முன்றிலிலே நெடுநேரம் நின்றார். “கட்டடம் அப்பிடியேதான் நிக்குது. புத்தகங்கள்தான் என்னைத் தெரியாத மாதிரி இருக்குது” என்றார்.

கரிந்த சுவர்களை நினைவுச் சின்னமாக அவ்வாறே விட்டுவிட்டுப் புதியதை வேறிடத்தில் எழுப்பவேண்டும் என்று வாதிட்டோர் அக்காலத்தில் இருந்தனர். மாணவருக்கு வேண்டியது நூலகமேயன்றி நினைவுச் சின்னமன்று என்றோரும் இருந்தனர். இரு சாராரிடத்தும் நியாயம் உண்டு. பிள்ளைகள் இருவரும் அறியாமலே இரண்டாம் சாராரோடு சேர்ந்தனர். கொப்பியிலே “வழக்கு 1: ஆற்றப்பட்டது” என்று எழுதிக் கீழே கோடிட்டனர்.

இரண்டாம் வழக்கு எதுவென்று இருவருக்கும் தெரியும். எனினும் அதனை எடுப்பதற்குச் சில கிழமைகள் பிடித்தன. இடம் வட்டுவாகல், காலம் 2009 மே. செய்யவேண்டியதும் சிறியது: 2,425 தடவைகள் போகவேண்டியதில்லை, ஒரு கையை விடாமற் பிடித்திருந்தாற் போதும். சிறுமி விபரங்களை எழுதத் தொடங்கினாள். தகப்பன் எந்தக் கையிலே பையை வைத்திருந்தார், இவன் எந்தப் பக்கத்திலே நின்றான் என்பனவெல்லாம் எழுதியாயின. அப்போது சிறுவன் இடைமறித்தான். அப்பா தொலையாதிருந்தால் முகாமிலிருந்து நேரே கிளிநொச்சிக்குத்தான் போயிருப்பார்கள். இங்கே வந்திருக்கமாட்டார்கள். தாத்தாவின் மேசையடியிலே இருந்திருக்கமாட்டான். சபை இருந்திருக்காது. சபை இல்லாவிட்டால் வட்டுவாகலுக்குப் போய்க் கையைப் பிடித்துக்கொடுப்பது யார்? கையைப் பிடிக்காவிட்டால் அப்பா தொலைவார். தொலைந்தால் சபை உண்டாகும். உண்டானால் கை பிடிபடும். சிறுமிக்குத் தலை சுற்றியது. “அப்ப நீ என்னைத் தெரியாமலே இருப்பாய்” என்றான் அவன். கொப்பியிலே “வழக்கு 2: ஒத்திவைக்கப்பட்டது” என்று எழுதியிருக்கிறது. அதற்குப் பிந்திய பக்கங்கள் வெறுமையானவை.

பத்தாண்டுகளுக்கு மேலாயின. சிறுமி பல்கலைக்கழகத்துக் கலைப்பீடத்தில் மாணவியானாள். இரண்டாம் ஆண்டிலே, நூலகத்தின் ஆங்கிலப் புனைகதை இறாக்கையிலே, முதுகு கிழிந்த இரு நூல்களை அடுத்தடுத்து எடுத்தாள். இரண்டிலும் சபை இருந்தது.

ஒன்று, அமெரிக்கரான போல் அண்டர்சன் 1955 முதல் எழுதிவந்த காலக் காவற்படைக் கதைகள். பத்து இலட்சம் ஆண்டுகளுக்கு அப்பாலிருக்கும் டனேலியர் என்போர், தமக்கு வழிவகுத்த வரலாறு சிதையாதிருக்கும்பொருட்டு ஓர் இரகசியப் படையை நிறுவுகிறார்கள். மான்ஸ் எவராட் என்னும் நியூயோர்க் நகரத்தான் பத்திரிகை விளம்பரமொன்றைக் கண்டு வேலைக்கு விண்ணப்பித்து அப்படையிலே சேர்கிறான். (இரகசியச் சபைக்கு ஆட்சேர்க்கப் பத்திரிகை விளம்பரம்! வலிகாமத்துச் சபை இவ்விடயத்திலே கூடிய கட்டுப்பாடுடையது.) இக்கதைகளுள் ஒன்றிலே, காலத்தில் ஊடுருவிய சிலர் கி.மு. 218 இல் டிசீனஸ் ஆற்றங்கரைப் போரிலே சிப்பியோக்கள் இருவரையும் கொன்றுவிடுகிறார்கள். ஹனிபலைப் பின்னாளிலே வெல்லவேண்டிய மகன் இல்லாமற்போக, றோமாபுரி அழிகிறது, கார்தேஜ் வெல்கிறது. எவராட்டும் அவனுடைய தோழனும் இருபதாம் நூற்றாண்டிலே வந்திறங்கும்போது காண்பது முற்றிலும் வேறான உலகம். அவ்வுலகத்திலே டெயர்ட்ரே என்னும் பெண்ணொருத்தி அவர்களுக்கு உதவுகிறாள். அவர்கள் பழங்காலத்துக்கு மீண்டு புண்ணை ஆற்றுகிறார்கள். றோம் வெல்கிறது. அந்தக் கணத்திலே டெயர்ட்ரேயின் தாய், தந்தை, ஊர், பாஷை யாவும் இல்லாமற்போகின்றன. அவர்கள் இறந்தாரல்லர், இருந்ததேயில்லை. அவர்களோடு வந்த அவளொருத்தி மாத்திரம் மிஞ்சுகிறாள்.

மற்றையது ஐசாக் அசிமோவின் “நித்தியத்தின் முடிவு”. இதுவும் 1955 இல் வெளியானதே. அசிமோவ் பொஸ்ரன் பல்கலைக்கழக நூலகத்திலே 1932 ஆம் ஆண்டுச் சஞ்சிகையொன்றைப் புரட்டியபோது, ஒரு விளம்பரப் படம் அணுகுண்டுப் புகைமண்டலம் போலத் தோன்றியதாம். உற்றுப் பார்த்தபோது அது வெந்நீரூற்று. அணுகுண்டு வெடிப்பதற்குப் பதின்மூன்று ஆண்டுகளுக்கு முன்னர் அதன் படம் எவ்வாறு வந்திருக்கும் என்னும் விளையாட்டான வினாவிலிருந்து நாவல் பிறந்தது. நூல்நிலையத்திலே சோம்பிப் பக்கம் புரட்டுவோருக்கு இஃதோர் ஆறுதல்.

நாவலிலே வரும் சபையின் பெயர் நித்தியம். அது காலத்துக்கு வெளியே இருக்கிறது. நூற்றாண்டுகளுக்கிடையே வணிகம் நடத்தும் நிறுவனம் என்றே பொதுமக்கள் அதனை அறிவர். மெய்யாக அது செய்வது வரலாற்றைத் திருத்துதல். பெரிய துன்பத்தை நீக்குதற்கு வேண்டிய ஆகச் சிறிய மாற்றம் எது என்று கணிப்பவர்கள் கணித்துக்கொடுக்க, அன்ட்ரூ ஹார்லன் போன்ற ஒருவன் போய் அதனைச் செய்துவிட்டு வருவான். ஓரிடத்திலே அவன் ஒரு பொறியைக் கொஞ்சம் குழப்பிவிடுகிறான். அதனால் மாணவனொருவன் பொறியியல் விரிவுரையொன்றுக்குப் போகமுடியாமற் போகிறது. அவன் அத்துறையைக் கைவிடுகிறான். ஒரு கருவியின் கண்டுபிடிப்புப் பத்தாண்டு பிந்துகிறது. அடுத்த நூற்றாண்டில் நிகழவிருந்த போரொன்று இல்லாமற்போகிறது. விரிவுரைக்குச் செல்லாதிருப்போர் இதனைத் தமக்குச் சான்றாகக் கொள்ளாதிருப்பாராக.

போரை நீக்கிய ஹார்லனுக்கு நன்றி சொல்பவர் யாருமில்லை, ஏனெனில் நடவாத போரை அறிந்தவர் யாருமில்லை. மாறாக, சபையின் ஏனையோரே அவன் போன்றோரை விலக்கி நடத்துகிறார்கள். உணவு மேசையிலே பக்கத்துக் கதிரை வெறுமையாயிருக்கிறது. மாற்றம் செய்யும் கை அவனுடையது, கணித்தவர்களுடையதன்று. மேலும் நித்தியர்கள் இளமையிலேயே தம் சொந்த நூற்றாண்டிலிருந்து எடுக்கப்பட்டவர்கள். அதற்கு அவர்கள் திரும்பலாகாது. பிறர் வீட்டுப் புண்ணையெல்லாம் ஆற்றுபவனுக்குச் சொந்த வீடு மூடியிருக்கிறது.

இவ்விரு நூல்களையும் வாசித்தபோது அவளுக்கு நினைவு வந்தது சபையின் மூன்றாம் விதி. இரு சபைகளும் இரகசியம் காப்பது பகைவருக்கு அஞ்சியன்று. ஆற்றப்பட்டவர்கள் தாம் புண்பட்டிருந்ததை அறியலாகாது என்பதனாலே. அறிந்தால் அது ஆறியதாகாது. ஆகவே காலத்தின் புண்ணை ஆற்றுதல் என்பது, இக்கதைகளின்படி, நினைவை வெட்டியெடுத்தலேயன்றி வேறன்று. எரிந்த தாளைத் தொட்டுப் பொடியாக்கிய விரலைப் பாட்டனாரிடமிருந்து வாங்கிவிடுவதே அது.

அசிமோவ் இதற்கு விடை சொல்கிறார். ஆபத்தையெல்லாம் விலக்கி விலக்கிப் பாதுகாத்தமையால் மனிதகுலம் துணிவிழந்து, விண்மீன்களை அடையும்போது அவை பிறர்வசமாகியிருந்தன. ஆதலால் நித்தியமே இல்லாதொழியவேண்டும் என்பது அவர் முடிபு. பெரிய விடைதான். ஆயினும் மனிதகுலத்தின் அளவிலே வைத்துச் சொன்ன விடை; வட்டுவாகற் பாலத்தளவிலே அதனைச் சுருக்குதல் கடினம். ஒரு சிறுவனிடம் போய், நீ தகப்பனை இழந்தது மனிதர் விண்மீன்களை அடைவதற்காக என்று சொல்ல யாருக்கு வாய்வரும்? இவ்வகையிலே அண்டர்சன் அண்மையானவர். அவருடைய முதற்கதையிலே விற்கொம் என்னும் ஆங்கிலேயன், இலண்டன் குண்டுவீச்சிலே இறந்த தன் காதலியைக் காப்பாற்றும்பொருட்டு விதியை மீறிப் பழங்காலத்துக்குப் போகிறான். அவனைத் தண்டிக்கவேண்டிய டனேலியர் இறுதியிலே இரங்கி, இருவரும் வேறொரு காலத்திலே வாழ வழிவிடுகிறார். கலைநோக்கிலே இது கதையின் பலவீனம் என்று விமரிசகர் சொல்லக்கூடும். அவள் அப்பக்கத்தை மூன்று தடவை வாசித்தாள்.

இலங்கையிலே 1956 முதல் 2008 இல் மறையும்வரை வாழ்ந்த ஆதர் சி. கிளார்க் இங்கு வருமுன்னர், 1952 இல், எழுதிய சிறுகதையொன்றும் இவ்வரிசையைச் சேர்ந்தது. அதிலே எதிர்காலத்தவர் வந்து காலத்தை நிறுத்திவைத்து, பிரித்தானிய அரும்பொருளகத்தின் செல்வங்களை அகற்றுகிறார்கள். உலகம் அழியப்போகிறது, அவர்களால் அழிவைத் தடுக்கவியலாது, அரும்பொருள்களை மாத்திரம் மீட்கலாம். கொப்பியின் நாலாம் பக்கத்துக் கணக்குக்கு இக்கதை நெருங்கிய உறவு.

இவற்றையெல்லாம் அவள் ஒரு நாள் இரவு தம்பிக்குத் தொலைபேசியிலே சொன்னாள். அவன் அப்போது கிளிநொச்சியிலே மோட்டார் சைக்கிள் திருத்தும் இடமொன்றில் வேலை செய்துகொண்டிருந்தான். பொறுமையாகக் கேட்டான். “அப்ப அவையும் எங்களை மாதிரி ரெண்டாம் வழக்கிலைதான் இடறியிருக்கினம்” என்றான்.

சென்ற ஆண்டிலே அவன் சொந்தமாக ஒரு கடை தொடங்க எண்ணினான். காணி தகப்பனின் பெயரிலே இருந்தது. தகப்பன் உயிரோடிருப்பதற்கும் தாளில்லை, இறந்ததற்கும் தாளில்லை. போரிலே காணாமற்போனோரை இறந்தோராகப் பதிவதற்கு 2010 ஆம் ஆண்டின் சட்டமொன்று வழிசெய்திருந்தது. அயலிலே பலர் அதன்படி மரணச் சான்றிதழ் எடுத்தனர். சின்னம்மா எடுக்கவில்லை. “எந்த நாளிலை செத்தவர் எண்டு நான் சொல்லுறது? நான் சொல்லுற நாளிலைதானே பிறகு செத்தவராகுவார்” என்பது அவருடைய வாதம். சட்டம் படித்தோர் இதனை ஏற்பரோ அறியோம். காலக் காவற்படையினர் ஏற்பர். 2016 இல் அச்சட்டம் திருத்தப்பட்டு, மரணச் சான்றிதழுக்குப் பதிலாகக் காணாமற்போனமையைக் காட்டும் சான்றிதழொன்றைப் பெறலாம் என்றாயிற்று. ஒருவரை இறந்தவராகச் சொல்லாமலே குடும்பம் தன் காரியங்களைப் பார்த்துக்கொள்ள அஃது இடமளிக்கிறது. அதற்கும் சின்னம்மா எட்டு ஆண்டுகள் மறுத்துவந்தார். மகனின் கடைக்காக இப்போது இணங்கினார்.

தகப்பனுடைய அடையாள அட்டைப் பிரதியைத் தேடி றங்குப்பெட்டி திறக்கப்பட்டது. அவளும் விடுமுறையில் வந்திருந்தாள். உடுப்புகளுக்கும், 2016 இல் காலமான பாட்டனாரின் திருப்புளிப் பெட்டிக்கும் கீழே கொப்பி கிடந்தது. தம்பி அதனைத் திறந்து நாலாம் பக்கத்துக் கணக்கைப் பார்த்துச் சிரித்தான். அடுத்த பக்கத்தைப் புரட்டியபோது சிரிக்கவில்லை. சின்னம்மா அதனை வாங்கி, கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, வட்டுவாகல் பற்றிய குறிப்பை முழுமையாக வாசித்தார். பை எந்தக் கையில் இருந்தது என்பது உட்பட யாவும் ஒன்பது வயதுப் பிள்ளையின் உருண்டை எழுத்திலே இருந்தன. பல ஆண்டுகளாக அவர் எவருக்கும் வாய்திறந்து சொல்லாதவை. “இது ஆர் சொன்னது?” என்று கேட்டார். “நான்தான் அம்மா. அக்காதான் எழுதினவ” என்றான் மகன். “பை இடக்கையிலை இல்லையடா. வலக்கையிலை. உன்ரை பிறப்புச் சான்றிதழும் அதுக்குள்ளைதான் கிடந்தது.”

விறாந்தையிலே, பாட்டனாரின் மேசையிலே, படிவத்தை நிரப்பினார்கள். இறுதியாகக் கண்ட திகதி, இடம், சூழ்நிலை என்பனவற்றுக்கு மூன்றங்குல இடமே விடப்பட்டிருந்தது. சின்னம்மா சொல்லச் சொல்லத் தம்பி எழுதினான். சாரத்தின் நிறம், முதல்நாள் குடித்த கஞ்சி, பாலத்துக்கு இப்பால் விழுந்துகிடந்த சைக்கிள், கை விடுபட்டபோது அவர் கூப்பிட்ட பெயர். மூன்றங்குலம் போதவில்லை. தம்பி கொப்பியின் வெறுமையான பக்கமொன்றை மெதுவாகக் கிழித்தெடுத்து அதிலே தொடர்ந்து எழுதினான். எழுதி முடித்துப் படிவத்தோடு ஊசியாற் குத்தினான். அவள் ஒருமுறை உரத்து வாசித்தாள். சின்னம்மா கண்ணாடியைக் கழற்றாமலே கேட்டுக்கொண்டிருந்துவிட்டு, “வட்டுவாகல் எண்டதுக்கு முன்னாலை காலமை எண்டும் போடு” என்றார். “வெயில் ஏறேல்லை அப்ப.”